பேசாத பதினோரு வரி

செர் மனெத்தோ இறந்து ஆறு வருடமாகிறது. தோல்காரன் துரீனோவும் போன குளிர்காலத்தில் காய்ச்சல் கண்டு போய்ச் சேர்ந்தான். இனி இதை எழுதினால் யார் கழுத்துக்கும் ஆபத்தில்லை, என் கழுத்தைத் தவிர. என் கழுத்துக்கு எழுபத்தொரு வயது. யாராவது வந்து கேட்டால் எடுத்துக்கொள்ளட்டும் என்கிற அளவுக்கு அலுத்துப்போயிருக்கிறேன்.

என் பெயர் பெர்தோ. மோன்தலேரா ஊருக்கு முப்பத்தெட்டு வருடம் தண்டோரா போட்டவன். சந்தை மூலை, கிணற்றடி, கோயில் படி, தோல்காரர் பாலம் என்று நாலு இடத்தில் நின்று எக்காளம் ஊதி, ஒவ்வோர் இடத்திலும் மூன்று முறை கத்த வேண்டும். மேல்கோபுரத்துக் குடும்பத்தை ஊரைவிட்டுத் துரத்தியாயிற்று என்று கத்தினேன். அடுத்த வருடம் அவர்களை மன்னித்தாயிற்று என்று கத்தினேன். அதற்கடுத்த வருடம் கீழ்கோபுரத்துக் குடும்பத்தைத் துரத்தியாயிற்று என்று கத்தினேன். சபை ஆண்டபோதும் அதே எக்காளம்தான், பிரபு வந்தபிறகும் அதே எக்காளம்தான். அதில் ஒரு நசுங்கல் உண்டு. அதைச் சரிசெய்து தருகிறேன் என்று இரண்டு ஆட்சியும் சொன்னது, இரண்டும் செய்யவில்லை.

செர் மனெத்தோ எங்கள் சபையின் எழுத்தர்; செர் என்பது எழுத்தர்களுக்கு நாங்கள் தரும் மரியாதைப் பட்டம். சபையில் யார் எழுந்து என்ன பேசினாலும் குறித்துக்கொண்டு, பிறகு நிதானமாக உட்கார்ந்து அதை லத்தீனில் பெரிய புத்தகத்தில் ஏற்றி, அடியில் தன் முத்திரைக் குறியை வரைய வேண்டும். அந்தக் குறி விழுந்துவிட்டால் அது உண்மை. நடந்தது வேறாக இருந்தாலும் புத்தகத்தில் இருப்பதுதான் நடந்தது. இருபத்தெட்டு வருடம் இந்த வேலையைச் செய்தார். மெலிந்த மனிதர், சதா சளி, பேசும்போது எதிரில் இருப்பவனின் தோளுக்கு மேலே எதையோ பார்ப்பார். பொலோஞ்ஞாவில் இரண்டு வருடம் படித்துக்கொண்டிருந்தபோது தகப்பனார் இறந்துவிட, பாதியில் திரும்பி வந்தவர். மனைவி உயிரோடில்லை. ஒரே மகளை மூன்று நாள் நடைக்கு அப்பால் கட்டிக்கொடுத்திருந்தார்.

ஊரில் பேசியதெல்லாம் என்ன தெரியுமா? பன்றி, வேலி, தண்ணீர், சாக்கடை. இருபத்தெட்டு வருடம் அவர் பன்றியையும் சாக்கடையையும் லத்தீனில் எழுதினார். அந்த அலுப்பு எனக்குப் புரியும். நான் கத்தியதும் அதையேதான்.

ஒருநாள் சபைப் புத்தகத்துக்குத் தோல்தாள் வாங்க அவர் துரீனோவின் பட்டறைக்குப் போனார். நானும் கூடப் போயிருந்தேன். துரீனோ செருப்புத் தோலும் பதனிடுவான், எழுதும் தோலும் செய்வான். உடம்பெல்லாம் நாற்றம், ஆனால் கை சுத்தம். அன்றைக்கு மலைமேல் மடத்துச் சாமியார்கள் பழைய ஏடுகளை ஒரு சாக்கு நிறைய அவனிடம் தள்ளிவிட்டிருந்தார்கள். எழுத்தைச் சுரண்டிவிட்டுத் திரும்ப விற்கலாம் என்று அவன் கத்தியைத் தீட்டிக்கொண்டிருந்தான். செர் மனெத்தோ மேலே கிடந்த ஏட்டை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். அப்படியே நின்றுவிட்டார்.

"இதைச் சுரண்டவா போற?"

"சுரண்டாம, மடியில போட்டுத் தாலாட்டவா?"

"இதுல என்ன எழுதியிருக்கு தெரியுமா உனக்கு?"

"எழுதியிருக்குன்னு தெரியும். அதான் சுரண்டணும்."

ஒரு முழுப் பாலாடைக்கட்டியைக் கொடுத்து அந்தச் சாக்கை அவர் வாங்கிக்கொண்டார். ஏமாந்தவர் எழுத்தர் என்று துரீனோ ஒரு மாதம் ஊரெல்லாம் சொல்லிச் சிரித்தான்.

அது ரோமாபுரி பழைய சபையின் கதையாம். முதல் ஏடும் இல்லை, கடைசி ஏடும் இல்லை, எழுதியவன் பெயரும் இல்லை. ராஜாவை விரட்டிவிட்டு ஊரே கூடிச் சட்டம் போட்டுக்கொண்ட காலத்தின் கதை. அதில் ஆட்கள் எழுந்து நின்று பேசுகிறார்கள். உழவன் பேசுகிறான், படைவீரன் பேசுகிறான், தோற்றுப்போகும் நேரத்திலும் பேசுகிறான். செர் மனெத்தோ அதைப் படித்துப் படித்து வேறு ஆளாகிவிட்டார். என்னிடம் வந்து உட்கார்ந்துகொண்டு ஆரம்பிப்பார்.

"பெர்தோ, சட்டம் யாரோடது?"

"புத்தகத்தை வச்சிருக்கவங்களோடது."

"இல்லடா. ஊரோடது. ஊருதான் சட்டம் போடுது. ஆளுறவன் அதை நடத்துற வேலைக்காரன். நாம ஆறு மாசத்துக்கு ஒருதரம் வெளியூர்லேருந்து ஒருத்தனைக் கூட்டிட்டு வந்து நிர்வாகத்துக்கு வைக்கிறோமே, போகும்போது பத்து நாள் நிறுத்திவச்சு எல்லாரும் அவன்மேல குறை சொல்லலாம்னு விடுறோமே, அது எதுக்கு? எஜமான் யாருன்னு அவனுக்கு ஞாபகம் இருக்கணும்னுதான்."

"போன தடவை வந்தவன் எட்டாம் நாளே சுவரேறிக் குதிச்சு ஓடிட்டான்."

"அதனால என்ன? எஜமான் யாருன்னு தெரிஞ்சதாலதானே ஓடினான்!"

இப்படித்தான் பேசுவார். எனக்கு அதில் பாதி பிடிபடாது. ஆனால் கேட்க நன்றாக இருக்கும்.

பிறகு அந்த மாசி மாதம் வந்தது. இரண்டு கோபுரத்துக் குடும்பங்களும் பதினொரு வருடமாக வெட்டிக்கொண்டதில் ஊர் ஓய்ந்துபோயிருந்தது. ஒவ்வொரு தெருவிலும் ஒரு கறுப்புத் துணி தொங்கியது. பின்னால் எங்களுக்குப் பிரபுவான மெஸ்ஸெர் ஒதோரீகோ இருநூறு குதிரையோடு வந்து ஊர் வாசலுக்கு வெளியே கூடாரம் போட்டு, நான் நண்பனாகத்தான் வந்திருக்கிறேன் என்று சொல்லியனுப்பினார். வாசல் சாவியையும் சட்டப்புத்தகத்தையும் அவர் கையில் கொடுத்து, வேண்டும்போது சட்டத்தைப் போடவும் மாற்றவும் ஆயுளுக்கும் அதிகாரம் தருவதா என்று முடிவு செய்யச் சபை கூடியது. உடம்புக்கு ஒரு தலைதான் இருக்க முடியும் என்று அவருடைய வக்கீல் ஒருவர் முன்னாலேயே வந்து விளக்கிவிட்டுப் போயிருந்தார்.

மணி அடித்ததும் நூற்று எழுபத்தெட்டுப் பேர் வந்தார்கள். நான் வழக்கம்போல சபை வாசலில் நின்றேன். செர் மனெத்தோ தீர்மானத்தைப் படித்துவிட்டு, பேச விரும்புகிறவர் எழுந்து பேசலாம் என்று மூன்று முறை கேட்டார். யாரும் எழவில்லை. எல்லோரும் தரையைப் பார்த்தார்கள். மூன்றாவது முறைக்குப் பிறகு பின்வரிசையில் துரீனோ எழுந்தான்.

"நான் தோல்காரத் தெரு. எல்லாருக்கும் தெரியும். எங்க பாலத்தடிச் சாக்கடை மூணு வருஷமா அடைச்சுக் கெடக்கு. புதுசா வர்ற ஐயா அதைப் பாப்பாரா, இல்ல பழையபடியே தானா? அதான். வேற ஒண்ணுமில்ல."

சிரித்தார்கள். அவன் உட்கார்ந்துவிட்டான். பெட்டி சுற்றி வந்தது. சரி என்றால் வெள்ளை மொச்சை, வேண்டாம் என்றால் கறுப்பு, கையை மூடிப் போட வேண்டும். எண்ணிப் பார்த்தபோது வெள்ளை நூற்று நாற்பத்தொன்று, கறுப்பு முப்பத்தேழு. அவ்வளவுதான். யாரும் யாரையும் பார்க்காமல் வீட்டுக்குப் போனார்கள். நான் நாலு இடத்திலும் கத்திவிட்டு வந்து கஷ்கொட்டைக் கஞ்சி குடித்தேன்.

அந்த வாரம் செர் மனெத்தோ புத்தகத்தில் ஏற்றிக்கொண்டிருந்தபோது நான் விளக்குக்கு எண்ணெய் கொண்டுபோனேன். துரீனோவின் பெயர் எனக்குத் தெரியும், லத்தீனிலும் அது துரீனோ மாதிரிதான் இருக்கும். அதற்குக் கீழே வரி போய்க்கொண்டே இருந்தது.

"அவன் பேசினது இவ்வளவா?"

"சுருக்கித்தான் எழுதுறேன்" என்றார், நிமிராமல்.

பக்கத்தின் அடியில் வழக்கம்போல, சாட்சி: தண்டோராக்காரன் பெர்தோ, என்று எழுதி மணல் தூவினார்.

மூன்று வருடம் ஒன்றும் நடக்கவில்லை. சாக்கடைகூட அப்படியே கிடந்தது. பிறகு ஒரு நாள் காலையில், ஊர் வாசலில் மாட்டியிருந்த பிரபுவின் சின்னத்தை எவனோ கழற்றி, அதில் செத்த பூனையைக் கட்டிக் கிணற்றில் போட்டிருந்தான். யாரென்று தெரியவில்லை. பிரபுவின் நீதிபதிக்கு யாராவது ஒருவன் வேண்டியிருந்தது. அந்த நீதிபதி முப்பது வயதுக்காரர், நன்றாகப் படித்தவர், கெட்டவர் என்று சொல்ல மாட்டேன். பிரபுவுக்கு யார் ஆதியிலிருந்தே விரோதி என்று பார்க்க, அவர் சபைப் புத்தகத்தைத் திறந்தார். அன்றைக்கு எதிர்த்துப் பேசியவன் என்று ஒரே ஒரு பெயர்தான் இருந்தது.

துரீனோவைச் சுண்ணாம்புத் தொட்டியிலிருந்து அப்படியே இழுத்து வந்தார்கள். முழங்காலுக்குக் கீழே வெள்ளையாக இருந்தான். புத்தகத்தில் அவன் பெயருக்குக் கீழே இருந்த பதினோரு வரியையும் நீதிபதி நம் பேச்சில் மாற்றிப் படித்துக் காட்டச் சொன்னார். ஆனால் குமாஸ்தா மூக்கடைப்போடு முணுமுணுத்ததில் முன்வரிசைக்கே சரியாகக் கேட்கவில்லை. ராஜா, சாவி, தொழுவம் என்று துண்டு துண்டாக விழுந்தது.

"இதைப் பேசியது நீதானே?"

"நானா? ஐயா, எனக்கு இவ்வளவு பேச்சு வந்தா நான் ஏன் நாய்ப்பீயில தோலை ஊறப்போட்டுக்கிட்டு இருக்கேன்? சாக்கடையைப் பத்தித்தான் பேசினேன். கேட்டுப் பாருங்க."

"புத்தகத்தில் இருக்கிறதே."

"அப்ப புத்தகத்தைத் தூக்குல போடுங்க. நான் வெள்ளை மொச்சை போட்டவன் ஐயா! அந்தச் சாக்கடைக்காகத்தான் போட்டேன்."

"அதற்கு என்ன ருசு?"

"மொச்சையில பேரா எழுதியிருக்கும்?"

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. சாட்சியாக எழுதப்பட்டிருந்த என்னைக் கூப்பிட்டார்.

"நீ வாசலில் நின்றாய். இந்த மனிதன் என்ன பேசினான்?"

இதை எழுதத்தான் இத்தனை வருடம் ஆயிற்று. சாக்கடை என்று நான் சொன்னால், புத்தகம் பொய். பொய்யாக எழுதிய எழுத்தருக்கு எங்கள் சட்டத்தில் வலது கை போகும். புத்தகத்தில் இருப்பதுதான் என்று சொன்னால் துரீனோவின் கழுத்து போகும். ஒரு பக்கம் செர் மனெத்தோ தன் பெஞ்சில் உட்கார்ந்து தன் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். இன்னொரு பக்கம் துரீனோ, நல்ல செய்தி கொண்டுவந்தவனைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஊரில் எல்லோரையும்விட உரத்த குரல் என்னுடையது.

"வாசல்ல ஒரே சத்தம் ஐயா. காதுல ஒண்ணும் விழல" என்றேன்.

சாவி கொடுத்த நாளில் அந்தச் சபையில் மூச்சு விடும் சத்தம்கூட இல்லை. எனக்கு அது தெரியும். துரீனோவுக்கும் தெரியும். "யோவ் பெர்தோ" என்று மட்டும் சொன்னான். வெட்கம் என்றால் என்ன என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. ஐம்பது வயதுக்கு மேல் அதைப் புதிதாகத் தெரிந்துகொள்வது கொடுமை.

நாளை மறுநாள் தூக்கு, அதற்குள் வேறு ருசு இருந்தால் கொண்டுவரலாம் என்று சொல்லி எழுந்துவிட்டார் நீதிபதி.

மதியம் செர் மனெத்தோவைக் கோயில் படியில் பார்த்தேன். வெங்காயமும் ரொட்டியும் வைத்திருந்தார். வெங்காயத்தை வலது கையால் உரித்து உரித்துப் போட்டாரே தவிர சாப்பிடவில்லை.

"அவன் பேசினதை நீ கேட்டன்னு எனக்குத் தெரியும்" என்றார்.

"நான் உங்களுக்காகத்தான்..."

"எனக்காக இல்ல. விடு. நானும் அந்த இடத்துல அதைத்தான் சொல்லியிருப்பேன்."

"ஏன் எழுதினீங்க அதை? யாரு கேட்டா?"

அவர் கோபப்படவில்லை. "மூணு தரம் கேட்டேன் பெர்தோ. மூணு தரம். நூத்தி எழுபத்தெட்டுப் பேர். ஒருத்தன் வாயத் திறக்கல. நாளைக்கு, நூறு வருஷம் கழிச்சு, எவனாவது இந்தப் புத்தகத்தைப் படிப்பான், நான் அந்த ஏட்டைப் படிச்ச மாதிரி. இந்த ஊரு தன்னைத் தூக்கிக் கொடுத்த அன்னிக்கு ஒரு மனுஷன்கூட வேண்டாம்னு சொல்லலன்னு படிப்பான். என்னால அதை எழுத முடியல. கை வரல."

"அதுக்கு இவன்தான் கிடைச்சானா?"

"இவன் ஒருத்தன்தானே எழுந்து நின்னான்."

"நீங்களே எழுந்து பேசியிருக்கலாமே!" என்று கத்திவிட்டேன். படியில் இருந்த புறாக்கள் பறந்தன.

"எழுத்தர் பேசக் கூடாது, சட்டம்" என்றார். பிறகு, "அது மட்டுமில்ல. பயம்" என்றார். "இப்பவும் பயமாத்தான் இருக்கு. ரோம்ல எப்படித்தான் பேசினாங்களோ. அங்கயும் எவனாவது எழுத்தன் பின்னாடி உக்காந்து எழுதிவிட்டிருப்பான்."

மறுநாள் காலையில் அவர் தானாகவே போய் நீதிபதியின் முன் நின்றார். சட்டையைத் துவைத்துப் போட்டிருந்தார், காயாமல் ஈரமாக இருந்தது.

"அந்தப் பதினோரு வரியும் துரீனோ பேசினதில்ல. நான் எழுதினது. அவன் சாக்கடையைப் பத்தித்தான் பேசினான்."

"என்ன சொல்கிறீர்கள் என்று தெரிந்துதான் சொல்கிறீர்களா? இதற்குச் சட்டம் என்ன?"

"நாலாம் பகுதி. வலது கை. அந்தச் சட்டத்தைப் படியெடுத்ததே நான்தான்."

நீதிபதி புத்தகத்தை இழுத்து அந்தப் பக்கத்தைத் திறந்தார். பேச்சு பாதிப் பக்கம் போயிற்று. அதற்குக் கீழே, அதே மையில், அதே கையெழுத்தில், வெள்ளை நூற்று நாற்பத்தொன்று, கறுப்பு முப்பத்தேழு, ஆகவே மெஸ்ஸெர் ஒதோரீகோவுக்குச் சாவி. அதற்கும் கீழே அதே முத்திரைக் குறி. அவர் விரல் அந்த இடத்தில் நின்றது. படித்த மனிதர் அல்லவா, புரிந்துவிட்டது. பக்கம் பொய் என்றால் பிரபுவும் பொய். ஊரை அவர் கையில் கொடுத்ததற்கு அந்த ஒரு பக்கத்தைத் தவிர வேறு சாட்சி கிடையாது. சாட்சிக்காரன் என்று எழுதப்பட்ட நானோ, காதில் ஒன்றும் விழவில்லை என்று முந்தின நாள்தான் சொல்லியிருந்தேன்.

புத்தகத்தை மூடினார். தூக்கை நிறுத்திவைத்து, பிரபுவிடம் குதிரையில் ஆள் அனுப்பினார். இரண்டு நாள் கழித்துப் பதில் வந்தது. துரீனோவை விட்டுவிடுவது. எழுத்தருக்குச் சட்டப்படி வலது கை. அந்தப் பக்கத்தில் பதினோரு வரி மட்டும் பொய், மேலேயும் கீழேயும் உள்ள ஒவ்வோர் எழுத்தும் மெய். எந்த வரி பொய், எந்த வரி மெய் என்று பின்னால் எவனும் குழப்பக் கூடாது என்பதற்காக, பொய்யான வரிகளை ஊராருக்குப் புரியும் பேச்சில் மாற்றி, இவை எவராலும் பேசப்படாதவை என்று, வழக்கமான நாலு இடங்களிலும் தலா மூன்று முறை தண்டோரா போடுவது.

இந்த உத்தரவை யோசித்தவர் யாரென்று எனக்குத் தெரியாது. ரொம்பப் படித்தவராக இருக்க வேண்டும். படிக்காதவனுக்கு இந்த யோசனை வந்திருக்காது.

சனிக்கிழமை சந்தை முடிந்ததும் கையை எடுத்தார்கள். அதைப் பற்றி எழுத மாட்டேன். எக்காளம் ஊத வேண்டியது நான்தான், ஊதினேன். அவர் கத்தவில்லை, மயங்கி விழுந்துவிட்டார். அவரைத் தூக்கிக்கொண்டு போனபிறகு என் கையில் உத்தரவைக் கொடுத்தார்கள். லத்தீனிலிருந்து மாற்றியது அவரேதான் என்று அப்போதுதான் பார்த்தேன். முந்தின நாள், கடைசியாக, அந்தக் கையால் எழுதியது.

சந்தை மூலையில் நின்று படித்தேன். முப்பத்தெட்டு வருடத்தில் அவ்வளவு நிதானமாக நான் எதையும் படித்ததில்லை.

"பின்வரும் சொற்களை இவ்வூரில் எவரும் பேசவில்லை. கேளுங்கள். பெரியோர்களே, வீட்டுக்கு ஒரு தலைவன் உண்டு. ஊர் வீடல்ல. நாம் போட்ட சட்டத்தை நடத்தத்தான் ஆள் வைக்கிறோம், வைத்த ஆள் போடும் சட்டத்தில் நடக்க அல்ல. நாம் களைத்துப்போயிருக்கிறோம், அது உண்மை. களைத்தவன் சுமையை இறக்கிவைக்கலாம், தன் கைகால்களை இறக்கிவைக்க முடியாது. இன்று சாவியைக் கொடுத்தால் நாளை திருப்பிக் கேட்க வாய் இருக்காது. இவர் நல்லவராகவே இருக்கட்டும். இவர் கையிலிருந்து சாவி அடுத்தவன் கைக்குப் போகும்போது நம்மை யாரும் கேட்கப்போவதில்லை. நம் முன்னோர் ராஜாவை விரட்டியது அவன் கெட்டவன் என்பதற்காக மட்டுமல்ல, அவனைக் கேட்க முடியவில்லை என்பதற்காக. எனக்கும் சமாதானம் வேண்டும். ஆனால் சமாதானம் தொழுவத்திலும் உண்டு. இச்சொற்களை எவரும் பேசவில்லை."

இரண்டாவது முறை படித்தேன். மூன்றாவது முறை படிக்கும்போது முன்னால் நின்ற மீன்காரி உதட்டை அசைத்துக் கூடவே சொன்னாள்.

கிணற்றடியிலும் கோயில் படியிலும் படித்துவிட்டுத் தோல்காரர் பாலத்துக்கு வரும்போது இருட்டிக்கொண்டு வந்தது. சாக்கடை நாறியது. துரீனோ பாலத்துச் சுவரில் உட்கார்ந்திருந்தான். மூன்று முறையும் தலையைக் குனிந்துகொண்டு கேட்டான்.

"இன்னொரு தடவ படிய்யா" என்றான்.

"மூணு தடவதான் உத்தரவு."

"நேத்து காது கேக்கலன்னு சொன்னல்ல. எனக்கும் இப்ப சரியாக் கேக்கல. படி."

முந்தின நாள் அல்ல, அது நாலு நாளுக்கு முன். ஆனால் திருத்தவில்லை. நாலாவது முறை படித்தேன். அவன் எழுந்து வீட்டுக்குப் போனான். அன்றைக்கு எனக்கு இருந்த களைப்பு இன்றுவரை முழுதாகத் தீரவில்லை.

செர் மனெத்தோ பிழைத்துக்கொண்டார். பதவி போயிற்று. துரீனோவின் பட்டறைக்கு மேலே இருந்த அறையில் குடியிருந்தார். அவனேதான் கூட்டிக்கொண்டு போனான். வாரத்துக்கு இரண்டு முறை நான் போவேன். ஏட்டைப் பிரித்து அவர் முன்னால் வைத்தால் இடது கையால் புரட்டிக்கொள்வார். அந்தக் கையால் எழுதிப் பழகவில்லை. எழுதினது போதும் என்றார்.

ஒன்றரை வருடம் கழித்து, நோன்புக் காலத்தில், மணி அடித்துச் சபையைக் கூட்டினார்கள். மெஸ்ஸெர் ஒதோரீகோவுக்கு நெஞ்சுவலி. சாவியை அவருடைய மகனுக்கு மாற்றித் தரவேண்டும். இம்முறை வாசலில் ஆளுக்கு ஒரு வெள்ளை மொச்சை கொடுத்தார்கள். கறுப்பு எங்கே என்று ஒருவர் கேட்டதற்கு, இந்த வருடம் விளைச்சல் சரியில்லை என்றார்கள். புது எழுத்தர், இருபத்தைந்து வயதுக்காரர், தீர்மானத்தைப் படித்துவிட்டு, பேச விரும்புகிறவர் பேசலாம் என்று வழக்கப்படி கேட்டார்.

முதல் முறை கேட்டதுமே துரீனோ எழுந்தான்.

"பெரியோர்களே" என்றான். அந்த வாய்க்கு அந்தச் சொல் பொருந்தவேயில்லை. சிலர் சிரிக்கத் தயாரானார்கள். "வீட்டுக்கு ஒரு தலைவன் உண்டு. ஊரு வீடல்ல. நாம போட்ட சட்டத்தை நடத்தத்தான் ஆள் வைக்கிறோம்..." அங்கே நின்றுவிட்டான். நெற்றியெல்லாம் வியர்வை. "வைக்கிறோம்... வச்ச ஆளு..." மறந்துபோயிற்று. யாரும் சிரிக்கவில்லை. கையில் இருந்த வெள்ளை மொச்சையைப் பார்த்தான். "தொழுவத்துலயும் உண்டு. சமாதானம். அதான். சாக்கடையும் அப்படியே கெடக்கு" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தான். பெட்டி வந்தபோது மொச்சையை வாயில் போட்டு மென்று விழுங்கினான்.

கூட்டம் முடிந்ததும் புது எழுத்தரின் தோளுக்குப் பின்னால் போய் நின்றேன். சபை வேலையில் இத்தனை வருடம் இருந்ததில் சாக்கடை என்பதற்கு லத்தீன் எனக்கு அத்துப்படி. தோல்காரன் துரீனோ எழுந்து சாக்கடையைப் பற்றிப் பேசினான் என்று ஒரே வரியில் எழுதியிருந்தார். பயந்து எழுதினாரா, துரீனோவின் கழுத்தைக் காப்பாற்ற எழுதினாரா என்று நான் கேட்கவில்லை. குறியை வரைந்து மணலைத் தூவினார். இனி அதுதான் நடந்தது.

நேரே செர் மனெத்தோவிடம் போனேன். இடது கையால் ரொட்டியைக் கஞ்சியில் தோய்த்துக்கொண்டிருந்தார். எல்லாவற்றையும் சொன்னேன்.

"எத்தனை வரி வந்துச்சு அவனுக்கு?"

"ரெண்டரை. அப்புறம் கடைசி வரியில பாதி."

"களைச்சவன் கைகாலை இறக்கிவைக்க முடியாது, அது?"

"அது வரல."

"அதுதான் அதுல நல்ல வரி" என்றார், குறைபட்டுக்கொண்டு. ரொட்டி கை நழுவிக் கிண்ணத்தில் விழுந்தது. எடுக்கவில்லை. "புத்தகத்துல?"

"சாக்கடை."

அவர் முகம் எப்படிப் போயிற்று என்று சொல்லத் தெரியவில்லை. அழுகிறாரா சிரிக்கிறாரா என்று பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. கீழே பட்டறையில் துரீனோ திரும்பி வந்து தோலை அடிக்கும் சத்தம் கேட்டது.

"நீ வாசல்லதானே நின்ன?" என்றார் கடைசியில்.

"ஆமா."

"காதுல விழுந்துச்சா?"

"விழுந்துச்சு" என்றேன்.